அடுப்பு யார் காற்றைக் குடிக்கிறது?

புக்கிட் ரோத்தானில் சடக்கோரக் கடை ஒன்றில் மாலை ஐந்து மணிக்கு ஒரு தே தாரிக் குடிப்பது எனக்கு நெடுநாள் பழக்கம். போன வாரம் எங்கள் பழைய தோட்டத்துப் பையன் ஒருவன் எதிர் நாற்காலியில் வந்து உட்கார்ந்தான். பையன் என்கிறேனே தவிர, அவனுக்கே இப்போது இரண்டு பிள்ளைகள். பள்ளி விடுமுறைக்குக் கேமரன் மலைக்குப் போய், கூடாரம் அடித்து இரண்டு ராத்திரி தங்கப் போகிறானாம். கைப்பேசியை என் பக்கம் திருப்பினான்.

"மாமா, இந்த ஹீட்டர் வாங்கட்டுமா? கேஸ் டின்னைச் செருகினால் போதும். கூடாரத்துக்குள்ளேயே வைக்கலாம்னு போட்டிருக்கான். சின்னவளுக்குக் குளிர் ஆகாது."

வெயில் இன்னும் தணியவில்லை. முதுகில் சட்டை ஒட்டிக்கொண்டிருந்தது. கோலசிலாங்கூரில் பிறந்து வளர்ந்தவனுக்கு ஹீட்டர் என்றால் குளியலறையில் வெந்நீர் வரும் பெட்டிதான். அறையைச் சூடாக்கும் கருவியை அவன் தாத்தாவும் பார்த்ததில்லை, அப்பாவும் பார்த்ததில்லை. பரம்பரையாக யாரும் கையாளாத ஒரு பொருளை விடுமுறைக்கு மூன்று நாள் முன்னால் வாங்கி, மூடிய துணிக்குள் வைத்து, பக்கத்தில் பிள்ளைகளைப் படுக்க வைக்கப் போகிறான். அதனால் இன்னொரு தே சொல்லிவிட்டு, நிதானமாகப் பேச ஆரம்பித்தேன். அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன். நம் தோட்டத்து, கம்பத்துப் பிள்ளைகள் கூட்டம் கூட்டமாக மலையேறிக் கூடாரம் போடும் காலம் இது. எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டிய சங்கதி.

முதலில் குளிர் எவ்வளவு என்று பார்த்துவிடலாம். கடல் மட்டத்திலிருந்து ஆயிரம் மீட்டர் ஏறினால் வெப்பம் ஏறக்குறைய 6 பாகை குறையும். தானா ராத்தா 1,400 மீட்டருக்கு மேலே இருக்கிறது. நம் ஊரில் விடியற்காலை 24 பாகை என்றால் அங்கே 15, 16. இந்நாட்டில் பதிவான மிகக் குறைந்த வெப்பமே கேமரன் மலையில் 1978 பிப்ரவரி 1ஆம் தேதி பதிவான 7.8 பாகைதான். 15 பாகையில் நம் ஆட்களுக்குப் பல் கிட்டிக்கும், தூக்கம் வராது. ஆனால் காய்ந்த உடுப்போடு, போர்வைக்குள் இருக்கிற ஆரோக்கியமான பிள்ளைக்கு அந்தக் குளிரால் உயிருக்கு ஆபத்து வராது. நனைந்த உடம்பு என்றால் கதை வேறு. அதைப் பிறகு சொல்கிறேன்.

"சரி மாமா, ஆபத்து இல்லை. ஆனால் கொஞ்சம் கதகதப்பாக இருந்தால் நல்லதுதானே?" என்றான். நல்லதுதான். ஆனால் எந்த ஹீட்டரைப் பார்த்தாலும் விலைக்கு முன்னால், அளவுக்கு முன்னால், ஒரு கேள்வியைக் கேட்டுப் பழக வேண்டும். இந்த அடுப்பு யார் காற்றைக் குடிக்கிறது? நீ மூச்சு விடுகிற அதே காற்றையா, வெளிக்காற்றையா? அது விடுகிற மூச்சு எங்கே போகிறது?

நெருப்பும் நம்மைப் போலத்தான். ஆக்சிஜனை இழுத்து எரிகிறது, கழிவை வெளியே விடுகிறது. கூடாரத்துக்குள் ஒரு கேஸ் அடுப்பை வைப்பது, பெரிய நுரையீரல் உள்ள இன்னும் பல பேரை உள்ளே படுக்க வைப்பது மாதிரி.

கடைக்காரரிடம் ஒரு பேனா வாங்கி, மேசையில் இருந்த தாளில் அவனுக்குக் கணக்குப் போட்டுக் காட்டினேன். நாலு பேர் படுக்கும் கூடாரம் தரையில் 2.4 மீட்டருக்கு 2.1 மீட்டர், நடுவில் உயரம் 1.3 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். கவிழ்த்த கிண்ணம் போன்ற அந்த வடிவத்துக்குள் நான்கரைக் கன மீட்டர் காற்றுகூடப் பிடிக்காது. அதில் ஆக்சிஜன் ஏறக்குறைய ஒரு கிலோ. கேஸ் டின் ஒன்றில் இருப்பது 230 கிராம் பியூட்டேன். அது முழுதாக எரிய 800 கிராமுக்கு மேல் ஆக்சிஜன் வேண்டும். ஒரே ஒரு டின்! உள்ளே இருக்கிற ஆக்சிஜனில் பெரும்பங்கைக் குடித்துவிடும் பசி அதற்கு.

அவ்வளவு தூரம் போகவும் வேண்டாம். சாதாரணக் காற்றில் ஆக்சிஜன் 21 சதவீதம். அது 18 சதவீதத்துக்கு இறங்கினாலே தீ சரியாக எரியாது, கெட்ட காற்றை அதிகமாக விட ஆரம்பிக்கும். 21இலிருந்து 18க்கு இறங்க ஏழில் ஒரு பங்கு ஆக்சிஜன் போனால் போதும். அதற்கு 40 கிராம் கேஸ் எரிந்தால் சரி. தீயைச் சின்னதாக வைத்து, மணிக்கு 100 கிராம் எரிந்தாலும் அரை மணி நேரத்துக்குள் முடிந்தது. நாலு பேர் மூச்சு விடுவதை இந்தக் கணக்கில் நான் சேர்க்கவே இல்லை.

"கூடாரம் என்ன பாட்டிலா மாமா? துணிதானே, காற்று வராதா?" என்று கேட்டான். நியாயமான கேள்வி. காய்ந்த துணியில், ஜிப் ஓரத்தில், மேலே உள்ள வலைச் சன்னலில் காற்று வரும். ஆனால் ஹீட்டர் வாங்கியவன் என்ன செய்வான்? சூடு வெளியே போகக் கூடாது என்று எல்லா ஜிப்பையும் இழுத்து மூடுவான். கேமரன் மலையில் மழை எப்போது வரும் என்று சொல்ல முடியாது. துணி நனைந்தால் நூல்களுக்கு நடுவே தண்ணீர் நின்று காற்று போகும் வழி அடைபடும். மேலே ஒரு கென்வாஸையும் விரித்துக் கட்டினால் கூடாரம் ஏறக்குறைய பாட்டில்தான்.

இப்போது கெட்ட காற்றுக்கு வருகிறேன். கரியோ கேஸோ மண்ணெண்ணெயோ, முழுதாக எரிந்தால் வருவது கார்பன் டை ஆக்சைடு. காற்று போதாமல் அரைகுறையாக எரிந்தால் வருவது கார்பன் மோனாக்சைடு. இதற்கு நிறம் இல்லை, மணம் இல்லை, கண் எரியாது, இருமல் வராது. மூச்சில் உள்ளே போனதும் ரத்தத்தில் ஆக்சிஜனைத் தூக்கிச் செல்லும் ஹீமோகுளோபினைப் பிடித்துக்கொள்ளும். ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாகப் பிடிக்கும். பஸ்ஸில் எல்லா இருக்கையிலும் வேறு ஆள் உட்கார்ந்துவிட்டால் நம் ஆள் ஏற முடியாது அல்லவா, அந்த நிலை. இதயம் ஓடும், மூச்சு ஓடும், மூளைக்கு மட்டும் ஆக்சிஜன் போகாது.

இதில் நம் தோட்டத்து ஜனங்களுக்கென்று தனியாக ஒரு சிக்கல் இருக்கிறது. நமக்குப் புகை தெரியும். புகையோடு வாழ்ந்த ஜனங்கள் நாம். அதனாலேயே புகை இல்லாவிட்டால் ஆபத்து இல்லை என்று உடம்பு நம்பிவிடுகிறது.

என் அப்பா பத்தாங் பெர்ஜுந்தை பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் ஸ்மோக் ஹவுஸில் வேலை செய்தவர். பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாறியும் என் வாயில் பழைய பெயர்தான் வருகிறது. பால் உறைந்து, மெஷினில் அழுத்தி, வரி வரியாக வந்த வெள்ளைத் தகடுகளைக் கழிகளில் தொங்கவிட்டு, ரப்பர் விறகு எரித்து நாலைந்து நாள் புகை போடுவார்கள். தீ கொழுந்துவிட்டு எரியக் கூடாது, தகட்டில் கொப்புளம் விழும். அணையவும் கூடாது. 50, 60 பாகைக்குள் வைத்திருக்க வேண்டும். நான்காம் நாள் அந்தத் தகட்டை வெளிச்சத்தில் பிடித்தால் தேன் நிறத்தில் மறுபக்கம் தெரியும். நாலாம் வகுப்பு படிக்கும்போது அப்பாவுக்குச் சாப்பாடு கொண்டு போவேன். கதவைத் திறந்ததும் உள்ளே ஓடப் பார்ப்பேன். சட்டையைப் பிடித்து இழுத்து நிறுத்துவார். "இருடா, அது ஒரு மூச்சு விடட்டும்" என்பார். இரண்டு கதவையும் விரியத் திறந்து வைத்து, வெளியே நின்று ஒரு வெற்றிலை போட்டு முடித்த பிறகுதான் உள்ளே கால் வைப்பார். அப்பாவுக்குக் கார்பன் மோனாக்சைடு என்ற பெயர் தெரியாது. நெருப்பு இருந்த அறைக்கு ஒரு மூச்சு உண்டு, அது நம் மூச்சுக்கு ஆகாது என்று மட்டும் தெரியும்.

வீட்டிலும் நெருப்பு இருந்தது. "அந்தக் காலத்தில் பிள்ளை பெற்றவளுக்குக் கணப்புச் சட்டி வைக்கவில்லையா, சாம்பிராணி போடவில்லையா, எங்களுக்கு என்ன ஆனது?" என்று பெரியவர்கள் கேட்பார்கள். அந்த லயத்து வீட்டை நினைத்துப் பாருங்கள். பலகைச் சுவர். சுவருக்கும் தகரக் கூரைக்கும் நடுவே கை நுழையும் இடைவெளி. பக்கத்து வீட்டுச் சண்டை முழுதும் இந்த வீட்டில் கேட்கும். விறகடுப்பு எரிகிற குசினி பின்பக்கம் தள்ளி இருந்தது. அந்த வீடு தானாகவே மூச்சு விட்டது. அதே கணப்புச் சட்டியைக் கொண்டுபோய் ஜிப் போட்ட நைலான் கூடாரத்திலோ, சன்னல் அடைத்த ஹோட்டல் அறையிலோ வைத்தால் அது வேறு பொருளாகிவிடுகிறது.

கரிதான் எல்லாவற்றிலும் கொடியது. பற்ற வைத்தவுடன் புகையும், கண் எரியும், எல்லோரும் விலகி நிற்போம். அரை மணி கழித்துப் புகை அடங்கி, மேலே சாம்பல் பூத்து, உள்ளே கங்கு சிவந்து கிடக்கும்போது, இனிப் பயமில்லை என்று தோன்றும். அந்த நேரத்தில்தான் அது கார்பன் மோனாக்சைடைக் கொட்டிக்கொண்டிருக்கும். கங்குக் குவியலின் மேல் சில சமயம் நீலமாகச் சின்னச் சின்ன நாக்குகள் ஆடும், பார்த்திருக்கிறீர்களா? அந்த நஞ்சுக் காற்றே மேலே வந்து எரிகிற தீ அது. நாக்கு ஆடாத தணலிலிருந்து அது எரியாமல் அப்படியே வெளியே வருகிறது.

இதை நான் புத்தகத்தில் மட்டும் படித்துச் சொல்லவில்லை. 1994 டிசம்பர் விடுமுறையில் நானும் என் மைத்துனன் குடும்பமும் பிரிஞ்சாங்குக்கு மேலே ஒரு காய்கறித் தோட்டத்து ஓரத்தில் பெரிய கென்வாஸ் கூடாரம் போட்டோம். சாயங்காலம் மண்ணடுப்பில் கோழி சுட்டோம், சோளம் சுட்டோம். எட்டு மணிக்கு மழை பிடித்துக்கொண்டது. பிள்ளைகள் நடுங்கினார்கள். அடுப்பில் கங்கு நன்றாகச் சிவந்து, புகை துளியும் இல்லாமல் இருந்தது. நான்தான் இரண்டு கைப்பிடித் துணி போட்டு அதைத் தூக்கி உள்ளே வைத்தேன். பிள்ளைகள் கைநீட்டிக் குளிர் காய்ந்தார்கள். எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று இன்றும் நினைவிருக்கிறது.

இரண்டு மணி வாக்கில் மகள் அழும் சத்தம் கேட்டு விழித்தேன். தலையில் சுத்தியலால் அடிப்பது போல் வலி. எழுந்து உட்காரப் பார்த்தால் கால் என் கால் மாதிரி இல்லை. மனைவி குமட்டிக்கொண்டிருந்தாள். தாப்பாவிலிருந்து ஏறும் அந்த 60 கிலோமீட்டர் வளைவுப் பாதைதான் காரணம், கோழி சரியாக வேகவில்லை என்றெல்லாம் எனக்குத் தோன்றியது. அடுப்பு நினைவுக்கே வரவில்லை. மூளைக்கு ஆக்சிஜன் குறைந்தால் முதலில் போவது இந்த யோசிக்கும் திறமைதான் என்று பிறகு தெரிந்துகொண்டேன். வாந்தி கூடாரத்துக்குள் விழக் கூடாது என்று தவழ்ந்து போய் ஜிப்பை மேலே வரை இழுத்துத் திறந்தேன். மழையோடு குளிர்காற்று அறைந்தது. கொஞ்ச நேரத்தில் எல்லோருக்கும் தெளிந்தது. ஊர் திரும்பி, பழைய தோட்ட டிரெஸ்ஸரிடம் இதைச் சொன்னேன். அவர் கேட்டது ஒரே கேள்வி: "அடுப்பு எங்கே இருந்தது?" உள்ளே என்றேன். வெகுநேரம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தலைவலி, குமட்டல், தலைசுற்றல், சோர்வு. மலைப்பாதை மயக்கத்துக்கும் இவைதான் அறிகுறி, கெட்டுப்போன சாப்பாட்டுக்கும் இவைதான், காய்ச்சலுக்கும் இவைதான். ஒரே கூடாரத்தில் இரண்டு பேருக்கு ஒரே நேரத்தில் வந்தால், வெளியே போனதும் தெளிந்தால், வேறு காரணம் தேட வேண்டாம்.

எல்லோருக்கும் என்னைப் போல ஒரு பிள்ளை அழுது எழுப்புவதில்லை. 2020 ஜனவரியில் நேப்பாளத்தின் டாமன் என்ற மலையூருக்குச் சுற்றுலா போன கேரளத்துக் குடும்பங்களில் 8 பேர் ஒரே அறையில் கதவு சன்னலை அடைத்து, கேஸ் ஹீட்டர் போட்டுத் தூங்கினார்கள். காலையில் யாரும் கண் விழிக்கவில்லை. அந்த 8 பேரில் 4 பேர் குழந்தைகள். 2024 ஆகஸ்டில் கொடைக்கானலுக்குப் போன திருச்சி இளைஞர்கள் கரியடுப்பில் கோழி சுட்டுவிட்டு, குளிருக்காக அடுப்பை அறைக்குள் வைத்தே படுத்தார்கள். இரண்டு பேர் இறந்து போனார்கள். டாமனில் கேஸ், கொடைக்கானலில் கரி. இரண்டு இடத்திலும் சமவெளியிலிருந்து போன நம்மைப் போன்ற ஜனங்கள்.

பையன் தேயைத் தொடாமல் கேட்டுக்கொண்டிருந்தான். பயமுறுத்துவது என் நோக்கம் இல்லை. அதனால் சந்தையில் என்னென்ன இருக்கிறது என்று ஒவ்வொன்றாக அந்தக் கேள்வியை வைத்துப் பார்த்தோம்.

அவன் காட்டிய ஹீட்டர் டின் கேஸில் ஓடுவது. தீயில் ஒரு வலையோ செராமிக் தகடோ சிவந்து சூடு தரும். உள்காற்றைக் குடிக்கிறது, உள்ளேயே கழிவை விடுகிறது. சில நல்ல தயாரிப்புகளில் ஆக்சிஜன் 18 சதவீதத்துக்கு இறங்கினால் தானாக அணையும் அமைப்பு இருக்கிறது. அது நல்ல அமைப்புதான். ஆனால் அது ஆக்சிஜன் குறைவதைத்தான் கவனிக்கிறது, கார்பன் மோனாக்சைடு சேர்வதைப் பார்ப்பதில்லை. அவன் காட்டிய விளம்பரத்தில் அந்த அமைப்பைப் பற்றிக்கூட ஒரு வரி இல்லை. இன்னொன்றும் சொன்னேன், அவன் எதிர்பார்க்கவில்லை. பியூட்டேன் எரிந்தால் தண்ணீர் வரும். 230 கிராம் டின் ஒன்று எரிந்து முடிந்தால் ஏறக்குறைய 350 மில்லி தண்ணீர் ஆவியாகக் கூடாரத்துக்குள் சேரும். குளிர்ந்த துணியில் பட்டு, சொட்டுச் சொட்டாக உங்கள் போர்வையில் விழும். அடுப்பை அணைத்த பிறகு நனைந்த போர்வையோடு விடியும் வரை கிடக்க வேண்டியதுதான். நைலான் துணி உருகும், தூக்கத்தில் பிள்ளை கால் நீட்டும் என்பதையெல்லாம் சொல்லவே தேவையில்லை. சமைக்கிற டின் அடுப்புக்கும் இதே பதில்.

டீசல் ஹீட்டர் என்று ஒன்று இப்போது வேன்காரர்களிடம் பரவியிருக்கிறது. குளிர் நாடுகளில் லோரி ஓட்டுநர்கள் இரவில் வண்டிக்குள் தூங்குவதற்காக வந்தது. அதன் தீ ஒரு மூடிய இரும்புப் பெட்டிக்குள் எரிகிறது. வெளிக்காற்றை ஒரு குழாய் வழியாக இழுத்து, புகையை இன்னொரு குழாய் வழியாக வெளியே விடுகிறது. நாம் மூச்சு விடும் காற்று அந்தப் பெட்டியின் வெளிப்புறத்தை மட்டும் தொட்டுச் சூடாகி உள்ளே வருகிறது. கேள்விக்குச் சரியான பதில் சொல்லும் கருவி இதுதான். ஆனால் புகைக்குழாயின் மூட்டு ஒன்று தளர்ந்தாலோ, குழாய் வாய் கூடாரத்தின் காற்றடிக்கும் பக்கம் இருந்தாலோ பதில் மாறிவிடும். பெட்டியை வெளியே வைத்து, சூட்டுக் காற்றுக் குழாயை மட்டும் உள்ளே விட வேண்டும். இரண்டு ராத்திரிக்காக இவ்வளவு செலவும் பாடும் எதற்கு என்பது என் எண்ணம்.

மின்சாரம் எதையும் குடிப்பதில்லை, எதையும் விடுவதில்லை. முகாமில் கரண்டு இருந்தால் அதுவே பத்திரம். ஆனால் 1,000 வாட் ஹீட்டரை, 1,000 வாட்-மணி பிடிக்கும் பேட்டரிப் பெட்டியில் செருகினால் ஒரு மணி நேரம்கூட வராது. அதே பேட்டரியில் 60 வாட் மின்போர்வை ராத்திரி முழுதும் ஓடும். நீட்டிப்பு வயரை முழுதாகப் பிரித்து விட வேண்டும், சுருளாக வைத்தால் உள்ளே சூடேறி உருகும். பிளக் ஈரத் தரையில் கிடக்கக் கூடாது. சிரிம் முத்திரை இல்லாத வயரை மலைக்கு எடுத்துப் போகாதே என்றேன்.

"வேண்டாம் மாமா, ரொம்பக் குளிரினால் பிள்ளைகளைக் காரில் படுக்க வைத்து, எஞ்சினை ஓட விட்டு ஹீட்டரைப் போட்டுவிடுகிறேன்" என்றான். இதைக் கேட்டதும் எனக்கு உண்மையிலேயே வயிறு கலங்கியது. நிற்கிற காரில் எஞ்சின் ஓட, சன்னல் ஏற்றி, ஏர்கோன் போட்டுத் தூங்கி உயிர்விட்டவர்களைப் பற்றி நம் நாட்டுப் பத்திரிகைகளில் திரும்பத் திரும்பப் படித்திருக்கிறோம். எக்ஸோஸ்ட் குழாயில் ஒரு ஓட்டை போதும். ஓடுகிற காரில் காற்று அந்தப் புகையை அடித்துக்கொண்டு போகும், நிற்கிற காரில் அது வண்டியைச் சுற்றியே தேங்கி உள்ளே ஏறும். ஜெனரேட்டரும் இப்படித்தான். 2021 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு நம் பக்கமும் ஜெனரேட்டர் வாங்கி வைத்த வீடுகள் உண்டு. மழைக்குப் பயந்து அதைக் குசினியில் வைத்து ஓட்டுவது, குசினிக்குள் லோரியை ஓட்டுவதற்குச் சமம்.

அப்படியானால் பிள்ளைக்குக் கதகதப்பு எப்படி? இந்தப் பேச்சில் எனக்குப் பிடித்த பகுதியே இதுதான். கூடாரத்துக் காற்றைச் சூடாக்குவது, அடியில் ஓட்டையுள்ள வாளியில் தண்ணீர் ஊற்றுவது. உடம்பைச் சூடாக்கினால் போதும். சூடாக்கக்கூட வேண்டாம், உடம்பே ஒரு அடுப்பு. அதன் சூடு வீணாகாமல் பார்த்துக்கொண்டால் சரி.

சூடு பெரும்பாலும் மேலே போவதாக நினைத்து நாலு போர்வையைச் சுமந்து போகிறோம். கூடாரத்தில் சூட்டைத் திருடுவது தரை. முதுகின் கீழே போர்வை நசுங்கிப் போவதால் அது தடுக்காது. காற்றடைத்த மெத்தை இன்னும் மோசம்: உள்ளே காற்று மேலும் கீழும் சுழன்று முதுகுச் சூட்டைத் தரைக்குக் கொண்டு போய்க் கொடுத்துவிட்டு வரும். பிள்ளைகள் விளையாட, துண்டு துண்டாகக் கோத்து விரிப்போமே, அந்த ஃபோம் பாயை மெத்தைக்கு மேல் விரித்துப் பார். அது கிடைக்காவிட்டால் மளிகைக் கடை அட்டைப் பெட்டிகளைப் பிரித்து இரண்டு அடுக்குப் போடு. எனக்குத் தெரிந்து இதைவிட மலிவான ஹீட்டர் கிடையாது.

அடுத்தது ஈரம். பகலில் ஸ்ட்ராபெரி தோட்டம், தேயிலைத் தோட்டம் என்று சுற்றி வேர்த்த, மழையில் நனைந்த உடுப்போடு யாரும் படுக்கக் கூடாது. நனைந்த துணி உடம்புச் சூட்டை உறிஞ்சிக்கொண்டே இருக்கும். காலுறை உட்பட ஒரு முழுச் செட்டு உடுப்பைப் பிளாஸ்டிக் பையில் கட்டி, தூங்குவதற்கென்றே தனியாக வைக்க வேண்டும். கூடாரத்தின் மேல் சன்னல் ஒரு கை அகலம் திறந்தே இருக்க வேண்டும். இல்லாவிட்டால் நாலு பேர் மூச்சின் ஈரமே விடியலில் சொட்டும். தலைக்கு ஒரு குல்லாய். படுக்கும் முன் வயிறு நிறையச் சூடாகச் சாப்பாடு.

கடைசியாக, வெந்நீர். மலாய் அக்காமார்கள் பிள்ளை பெற்றவளுக்குத் துங்கு வைப்பதைப் பார்த்திருப்பீர்கள். கல்லைச் சூடாக்கி, இலையில் சுற்றி, துணியில் முடிந்து வயிற்றில் வைப்பார்கள். தீ குசினியில், சூடு மட்டும் படுக்கையில். அதே வேலையை ஒரு வெந்நீர்ப் பை செய்யும். வெளியே அடுப்பில் தண்ணீர் காய்ச்சி, கை பொறுக்கும் அளவுக்குக் கொஞ்சம் ஆறவிட்டு, வாய் இறுகிய ரப்பர் பையிலோ தடித்த பாட்டிலிலோ ஊற்றி, பழைய காலுறைக்குள் நுழைத்து, பிள்ளையின் கால்மாட்டில் போர்வைக்குள் வை. சின்னவள் தோலில் நேராகப் படாமல் துணி இருக்கட்டும். ஒரு லிட்டர் தண்ணீரின் சூடு சிறியதுதான். ஆனால் அது போர்வைக்குள்ளேயே இருக்கிறது, அதனால் பல மணி நேரம் தெரியும்.

இத்தனைக்கும் பிறகு ஒரே ஒரு கருவிக்குக் காசு செலவழி என்றேன்: பேட்டரியில் ஓடும் கார்பன் மோனாக்சைடு அலாரம். வீட்டில் கூரையில் இருக்கிற புகை அலாரம் இதற்கு உதவாது. ஐரோப்பியத் தரத்தில் செய்தது என்றால், பத்து லட்சம் பங்கு காற்றில் இந்த நஞ்சு 300 பங்கு சேர்ந்ததும் 3 நிமிடத்துக்குள் அலற வேண்டும். 400 பங்கை மூன்று மணி நேரம் சுவாசித்தால் உயிருக்கே ஆபத்து என்று வைத்துப் பார்த்தால், அந்த 3 நிமிடத்தின் அருமை தெரியும். தலைமாட்டில், படுத்திருப்பவர் காதுக்குக் கேட்கும்படி தொங்கவிடு. உள்ளே அடுப்பு வைக்க அது அனுமதிச் சீட்டு ஆகாது. பக்கத்துக் கூடாரத்துக்காரர் ஜெனரேட்டரை உன் பக்கம் திருப்பி வைத்தாலும் அது சொல்லும்.

அப்படியும் ஏதாவது நடந்தால்? முதலில் ஜிப், பிறகு வெளியே. எல்லோரையும் இழுத்து வெளியே போட்டு, தலையை எண்ணு. மழை பெய்தாலும் வெளியேதான். 999 அழை. தானா ராத்தாவில் அரசு மருத்துவமனை இருக்கிறது. அங்கே போனதும் முதல் வார்த்தையாக, "உள்ளே அடுப்பு இருந்தது" என்று சொல். கோவிட் காலத்தில் வாங்கி வைத்த, விரலில் மாட்டும் கருவியை நம்பாதே. அதற்கு ரத்தத்தில் ஒட்டியிருப்பது ஆக்சிஜனா மோனாக்சைடா என்று பிரித்துப் பார்க்கத் தெரியாது, செத்துக்கொண்டிருப்பவனுக்கும் 98 காட்டும். சாதாரணக் காற்றில் அந்த நஞ்சில் பாதி ரத்தத்தை விட்டுப் போகவே நாலைந்து மணி நேரம் ஆகும். முகமூடியில் சுத்த ஆக்சிஜன் கொடுத்தால் ஒன்று, ஒன்றரை மணி. அதனால் தெளிந்தது போல் இருந்தாலும் மருத்துவமனைக்குப் போய்த்தான் ஆக வேண்டும்.

எந்த முகாமில் தங்கப் போகிறாய் என்றும் கேட்டேன். 2022 டிசம்பர் 16 அதிகாலை நம் உலு சிலாங்கூரிலேயே, பத்தாங் காலியில், கூடாரங்களில் தூங்கிக்கொண்டிருந்தவர்கள் மேல் மலைச் சரிவு இடிந்து விழுந்து 31 பேர் போனார்களே. அதற்குப் பிறகு சரிவுக்குக் கீழே கூடாரம் போடுகிற எவரையும் என்னால் சும்மா விட முடிவதில்லை. உரிமம் உள்ள இடம், சமதளம், கரண்டு இருக்கிறது என்றான். சரி என்றேன்.

கைப்பேசியைச் சட்டைப் பைக்குள் போட்டான். எழுந்தவன் மறுபடி உட்கார்ந்தான். "மாமா, கோழி சுடக் கரி கொண்டு போவோமே. சுட்டு முடித்து, வெளியே வைத்து ஆறவிட்டு, காலையில் அடுப்பைக் கார் பின்பக்கத்தில் ஏற்றிவிடலாமா?"

நல்ல வேளை கேட்டான். சாம்பலுக்கு அடியில் கங்கு விடியும் வரை உயிரோடு இருக்கும். சன்னல் ஏற்றிய காரில், பின்பெட்டியில் அதை வைத்துக்கொண்டு தாப்பா வளைவுகளில் இறங்கும்போது பிள்ளைகளுக்குத் தலை சுற்றினால், பாதையால்தான் என்று நினைத்துக்கொள்வான். ராத்திரியே தண்ணீர் ஊற்று என்றேன். நீராவியில் கை வெந்துவிடும், தள்ளி நின்று கொஞ்சம் கொஞ்சமாக ஊற்று. ஒரு குச்சியால் அடி வரை கிளறு. மறுபடி ஊற்று. உஸ்ஸென்ற சத்தம் நின்ற பிறகு புறங்கையை மேலே காட்டிப் பார். சூடு தெரிந்தால் இன்னொரு வாளி.